தடைகளைத் தாண்டிய சீன அழகி

சீனாவில் ஒரு காலத்தில் பெண்ணின் அழகைப் பாதத்தை வைத்து அளந்தார்கள். பாதத்தின் நீளம் 3 அங்குலம்தான் என்றால் அவள் பேரழகி! அப்படிப்பட்ட பெண்ணால் ஓட முடியாது. வேகமாக நடக்கக்கூட முடியாது.

அதே சீனாவில், பள்ளி நாட்களில் தடை தாண்டும் ஓட்டத்தில் ஓடிய ஒரு பெண், 2007-ம் ஆண்டு உலக அழகி ஆனார். அவர் பெயர் ஜாங் ஜிலின்.

சீனர்கள் குடும்பப் பெயரை முதலில் சொல்வது வழக்கம். "ஜாங்" என்பது குடும்பப் பெயர். "ஜிலின்" என்பது அவருக்கு வைத்த பெயர்.

கிரீடம் சூடிய இரவு

சீனாவின் தென்கோடியில் இருக்கிறது ஹைனான் தீவு. அங்குள்ள கடற்கரை நகரம் சான்யா. 2007 டிசம்பர் 1-ந்தேதி அங்கே உலக அழகிப் போட்டி நடந்தது. உலகெங்கும் இருந்து 100-க்கும் மேற்பட்ட அழகிகள் வந்திருந்தார்கள்.

மெக்சிகோ அழகிக்கு 3-ம் இடம். அங்கோலா அழகிக்கு 2-ம் இடம். முதல் இடம் ஜாங் ஜிலினுக்கு! அப்போது அவருக்கு வயது 23.

ஆசியாவில் இருந்து முதன்முதலாக உலக அழகி ஆனவர் இந்தியாவின் ரீட்டா பாரியா. மருத்துவக் கல்லூரி மாணவியான அவர் 1966-ல் அந்தப் பட்டத்தைப் பெற்றார். ஆனால் சீனா, ஜப்பான், கொரியா அடங்கிய கிழக்கு ஆசியாவுக்கு 2007 வரை அந்தக் கிரீடம் கிடைக்கவே இல்லை. ஜாங் ஜிலின்தான் முதலில் பெற்றார்.

அவர் பிறந்தது 1984-ல், ஹெபெய் மாநிலத்தில். வளர்ந்தது தலைநகர் பெய்ஜிங்கில். உயரம் ஏறக்குறைய 6 அடி! பல்கலைக்கழகத்தில் வணிக நிர்வாகம் படித்துப் பட்டம் பெற்றார். செயலாளராக வேலை பார்த்தார். உடை அலங்கார அணிவகுப்புகளிலும் நடந்தார்.

கால் கட்டிய காலம்

இந்த வெற்றியின் பெருமை புரிய வேண்டுமானால், பழைய சீனாவைப் பார்க்க வேண்டும்.

பெண் குழந்தைக்கு ஐந்தாறு வயது ஆனதும் தாயே அவளுடைய கால் விரல்களை உள்ளங்காலின் அடியில் மடக்குவாள். நீண்ட துணியால் இறுக்கிக் கட்டுவாள். எலும்பு ஒடியும். குழந்தை அலறும். ஆனாலும் கட்டை அவிழ்க்க மாட்டார்கள். அவிழ்த்தால் பாதம் வளர்ந்துவிடும். பாதம் பெரிதானால் நல்ல இடத்தில் மாப்பிள்ளை கிடைக்காது என்ற பயம்!

இந்தக் கொடுமைக்கு அவர்கள் வைத்த பெயர் "பொற்றாமரை".

மன்னராட்சி ஒழிந்து 1912-ல் குடியரசு வந்தது. கால் கட்டத் தடை விதிக்கப்பட்டது. ஆனாலும் கிராமங்களில் இந்த வழக்கம் பல ஆண்டுகள் நீடித்தது.

அலங்காரமே குற்றம்

1949-ல் கம்யூனிஸ்டு ஆட்சி ஏற்பட்டது. பெண்கள் வயலிலும் ஆலையிலும் ஆண்களுக்குச் சமமாக வேலை செய்தார்கள். ஆனால் அலங்காரம் செய்துகொள்வது பணக்காரத்தனம் என்று கருதப்பட்டது.

1966-ல் தொடங்கிய கலாசாரப் புரட்சியின்போது நிலைமை முற்றியது. சுருள் முடி வைத்திருந்த பெண்களைச் செங்காவலர்கள் நடுத்தெருவில் நிறுத்தி முடியை வெட்டினார்கள். குதி உயர்ந்த செருப்பு போட்டாலும் ஆபத்து. ஆணும் பெண்ணும் ஒரே மாதிரியான நீல நிற, சாம்பல் நிற உடைகளில் திரிந்தார்கள்.

முன்பு அழகுக்காகக் காலை ஒடித்தார்கள். பிறகு அழகு இருக்கக்கூடாது என்று முடியை வெட்டினார்கள். இரண்டு காலத்திலும் பெண்ணின் விருப்பத்தை யாரும் கேட்கவில்லை.

போலீஸ் நிறுத்திய போட்டி

1978-க்குப் பிறகு சீனா வெளிநாட்டு வியாபாரத்துக்குக் கதவைத் திறந்தது. புதிய உடைகள் வந்தன. முகப்பூச்சும் உதட்டுச் சாயமும் கடைகளில் விற்பனைக்கு வந்தன. ஆனால் அழகிப் போட்டியை மட்டும் அரசு சந்தேகத்தோடு பார்த்தது. 2002-ல் பெய்ஜிங்கில் ஓர் அழகிப் போட்டி நடந்துகொண்டிருந்தது. போலீசார் வந்து பாதியில் நிறுத்திவிட்டார்கள்!

அடுத்த ஆண்டே காற்று மாறியது. 2003 டிசம்பரில் உலக அழகிப் போட்டியே சான்யா நகரில் நடந்தது. அதற்கென்று ஒரு பெரிய அரங்கமும் கட்டினார்கள்.

ஏன் இந்த மாற்றம்? காரணம் சுற்றுலா. அந்த ஆண்டின் முற்பகுதியில் சார்ஸ் என்ற கொடிய காய்ச்சல் பரவியதால், வெளியூர்ப் பயணிகள் சீனாவுக்கு வரவே பயந்தார்கள். உலக அழகிப் போட்டி என்றால் பல நாடுகளில் தொலைக்காட்சியில் பார்ப்பார்கள். சான்யாவின் கடலும் தென்னையும் அவர்கள் கண்ணில் படும். ஓட்டல்கள் நிரம்பும். அரசு போட்ட கணக்கு இதுதான்.

சொந்த ஊர்ச் சலுகையா?

"போட்டி சீனாவில் நடந்தது. அதனால் சீனப் பெண்ணுக்குக் கிரீடம் கிடைத்தது" என்று பேச்சு எழுந்தது. 2012-ல் உள் மங்கோலியாவில் உள்ள ஓர்டோஸ் நகரில் போட்டி நடந்தபோதும் சீனாவின் யூ வென்சியா வென்றதால், இந்தப் பேச்சு வலுத்தது.

ஆனால் முழுக் கணக்கையும் பார்க்க வேண்டும். 2003 முதல் 2018 வரை சீனாவில் 9 முறை உலக அழகிப் போட்டி நடந்தது. அவற்றில் சீனப் பெண்கள் வென்றது 2 முறைதான். மற்ற 7 முறையும் அயர்லாந்து, பெரு, ஐஸ்லாந்து, அமெரிக்கா, ஸ்பெயின், இந்தியா, மெக்சிகோ நாடுகளுக்குப் பட்டம் போனது. 2017-ல் இந்தியாவின் மானுஷி சில்லர் வென்றதும் இதே சான்யாவில்தான்!

கிரீடத்துக்குப் பிறகு

2008 டிசம்பரில் தென் ஆப்பிரிக்காவின் ஜோகன்னஸ்பர்க் நகரில் ஜாங் ஜிலின் தம் பட்டத்தை ரஷ்ய அழகியிடம் ஒப்படைத்தார். பிறகு விளம்பரங்களிலும் திரைப்படங்களிலும் நடித்தார். திருமணம் செய்துகொண்டார். தாயும் ஆனார்.

கிரீடம் ஓர் ஆண்டுக்குத்தான். படிப்பும், ஓடிப் பழகிய கால்களும், சொந்தமாகச் சம்பாதிக்கும் துணிவும் கிரீடம் வருவதற்கு முன்பே அவரிடம் இருந்தன. கால் கட்டப்பட்ட பாட்டிமார்களுக்குக் கிடைக்காத செல்வம் அதுதான்.

ஆனால் பழைய ஆபத்து முழுவதும் போய்விடவில்லை. 2004-ல் பெய்ஜிங்கில் இன்னொரு போட்டி நடந்தது. அறுவை சிகிச்சை செய்து முகத்தையும் உடலையும் மாற்றிக்கொண்டவர்களுக்கு மட்டுமே அதில் இடம்! அன்று துணிக்கட்டு. இன்று கத்தி. பிறர் கண்ணுக்கு அழகாகத் தெரிய வேண்டும் என்பதற்காக வலியைத் தாங்குவது மட்டும் மாறவில்லை.

சீனாவில் மட்டுமா இது? எந்த நாட்டு வீட்டிலும் கண்ணாடி முன் நின்று "நான் அழகாக இல்லையே" என்று கலங்கும் பெண் குழந்தை இருக்கலாம். அவளுக்கு ஜாங் ஜிலினின் கிரீடத்தைக் காட்டுவதைவிட, அவர் தாண்டிய தடைகளைக் காட்டுவது நல்லது.