சாப்பிட்டாயா, அப்புறம்?



வெளிநாட்டில் இருக்கும் பிள்ளைகள் தமிழை மறந்துவிட்டார்கள் என்று என் வயதுக்காரர்கள் கூடுகிற இடமெல்லாம் ஒரே புலம்பல். நானும் புலம்பியவன்தான். வெய்ன் வாங் என்ற இயக்குநரின் படங்களைப் பார்த்தபின் குறைத்துக்கொண்டேன்.

1949இல் ஹாங்காங்கில் பிறந்தவர் அவர். அமெரிக்கா போய்ப் படித்து, 1982இல் சுமார் 22,000 டாலர் செலவில் 'சான் இஸ் மிஸ்ஸிங்' என்ற கறுப்பு வெள்ளைப் படத்தை எடுத்தார். சான்பிரான்சிஸ்கோ சைனாடவுனில் இரண்டு டாக்சி ஓட்டுநர்கள், தங்கள் பணத்தோடு காணாமல்போன சான் என்பவரைத் தேடுகிறார்கள். அவரைப் பற்றி ஆளுக்கொரு விதமாகச் சொல்கிறார்கள். ஆள் மட்டும் கடைசிவரை அகப்படவில்லை. சீனர் என்றால் இப்படித்தான் என்று ஒரு மனிதரை அடையாளம் காட்ட முடியாது என்று எனக்குப் புரிந்தது.

அதன்பின் அவர் பலமுறை குடும்பத்துக்குள் திரும்பினார். 1985இல் வந்த 'டிம் சம்' தாயும் மகளும் பற்றியது. அதில் நடித்தவர்கள் நிஜத்திலும் தாயும் மகளும்தான்.

என்னை உலுக்கியது 2007இல் வந்த 'எ தௌசண்ட் இயர்ஸ் ஆஃப் குட் பிரேயர்ஸ்'. விவாகரத்தான மகளைப் பார்க்க பெய்ஜிங்கிலிருந்து அமெரிக்கா வருகிறார் தந்தை. சமைத்து வைத்துக் காத்திருக்கிறார், கேள்வி கேட்கிறார். மகள் ஒற்றை வார்த்தையில் பதில் சொல்லி எழுந்துவிடுகிறாள். அதே மனிதர் பூங்காவில் ஓர் ஈரானிய மூதாட்டியிடம், அவர் மொழி தெரியாமலே, மனம்விட்டுப் பேசுகிறார். உணர்ச்சிகளைப் பேசிப் பழகாத தாய்மொழியைவிட ஆங்கிலத்தில் பேசுவது எளிது என்கிறாள் மகள். தந்தையும் பல வருடங்களாக ஓர் உண்மையை மறைத்தவர்தான்.

தமிழ் வகுப்புக்கு அனுப்பினால் சரியாகிவிடும் என்பீர்கள். அனுப்புங்கள், நல்லதுதான். ஆனால் தமிழில் நாம் பிள்ளைகளிடம் என்ன பேசினோம்? சாப்பிட்டாயா, மார்க் எவ்வளவு, எப்போது கல்யாணம். இவ்வளவுதானே? பேசாததை அவர்கள் எப்படி மறப்பார்கள்?

போன ஞாயிறு மகளிடம் போனில் வழக்கமான கேள்விகளை விட்டுவிட்டு, பத்தாம் வகுப்பில் மார்க் குறைந்ததற்கு அவளை அடித்ததைப் பற்றிப் பேசினேன். கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. பிறகு நெடுநேரம் பேசினாள், தமிழில்தான்.

படம் கிடைத்தால் அப்பா அம்மாவோடு உட்கார்ந்து பாருங்கள். எல்லோரும் நலமாக இருங்கள்.