கருணை வேலையா, குலத்தொழிலா?

என் அப்பா நகராட்சியில் நிரந்தரத் தூய்மைப் பணியாளர். பணியில் இருக்கும்போதே மாரடைப்பில் இறந்தார். நான் அப்போது பி.காம். இரண்டாம் ஆண்டு. இறப்புச் சான்றிதழ், வாரிசுச் சான்றிதழ், வருமானச் சான்றிதழ் எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டு அம்மாவும் நானும் அலுவலகத்துக்குப் போனோம். மேசையில் இருந்தவர் தாள்களைப் புரட்டிக்கூடப் பார்க்கவில்லை. "உங்கப்பன் இடம் காலியாத்தான் இருக்கு. எப்ப வர்றே?" என்றார்.

இளநிலை உதவியாளர் வேலை கேட்டேன். அதற்குப் பத்தாம் வகுப்புத் தேர்ச்சியே போதும். "அதுக்கெல்லாம் வருசக்கணக்கா காத்திருக்கணும். இதுன்னா உடனே கிடைக்கும்" என்றார். முந்தைய ஆண்டு இறந்துபோன எழுத்தர் ஒருவரின் மகன் அதே அலுவலகத்தில் இளநிலை உதவியாளராக உட்கார்ந்திருந்தார். துடைப்பம் தரட்டுமா என்று அவரிடம் யாரும் கேட்டிருக்க மாட்டார்கள்.

அன்று இரவு அம்மாதான் முடிவெடுத்தார். "நீ படிடா. அந்த வேலைக்கு நான் போறேன்." அப்பா கூட்டிய தெருக்களை அம்மா கூட்டினார். நான் பட்டம் வாங்கினேன். என்னோடு படித்தவர்களில் சிலருக்கு இப்படி நடக்கவில்லை. பட்டத்தைப் பெட்டியில் வைத்துவிட்டுக் குப்பை வண்டி தள்ளுகிறார்கள்.

கருணை அடிப்படையிலான பணி நியமனம் என்றாலே முற்போக்கு நண்பர்கள் சிலர் முகம் சுளிக்கிறார்கள். "அப்பன் வேலை பிள்ளைக்கு என்பது மன்னராட்சி இல்லையா?" என்று கேட்கிறார்கள். சட்டம் அதை வாரிசுரிமையாக வைத்திருக்கவில்லை. சம்பாதித்தவர் திடீரென்று இறந்ததால் நிலைகுலைந்த குடும்பத்தை மீட்பதற்கான விதிவிலக்கு இது. கடைசி இரண்டு நிலைப் பணிகளில் மட்டுமே தரலாம் என்று உமேஷ் குமார் நாக்பால் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1994-ல் சொன்னது. ஒன்றிய அரசில் நேரடி நியமன இடங்களில் 5 விழுக்காடுதான் இதற்கான உச்சவரம்பு. தமிழ்நாட்டில் 3 ஆண்டுகளுக்குள் விண்ணப்பிக்க வேண்டும்.

ஆக, ஆட்சியரின் மகன் இந்த வழியில் ஆட்சியராக முடியாது. தூய்மைப் பணியாளரின் மகன் மட்டும் தூய்மைப் பணியாளர் ஆகிவிடுகிறான். நண்பர்கள் சொல்லும் மன்னராட்சி அங்கேதான் இருக்கிறது. அதில் முடிசூட்டப்படுபவர்கள் நாங்கள்.

யாரும் கட்டாயப்படுத்தவில்லையே என்பார்கள். வாடகை பாக்கி நிற்கும்போது, ஈமச்சடங்குக்கு வாங்கிய கடனுக்கு வட்டி ஏறும்போது, உடனே கிடைக்கும் வேலையை எந்தக் குடும்பம் மறுக்கும்? ஒருமுறை ஏற்றுக்கொண்டால் அதோடு கதவு மூடிவிடுகிறது. கருணை அடிப்படையில் ஒரு பணியில் சேர்ந்தவர், பிறகு அதே அடிப்படையில் மேல் பணி கேட்க முடியாது என்று ராஜஸ்தான் வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம் அதே 1994-ல் தீர்ப்பளித்தது. பசித்த நேரத்தில் போட்ட ஒரு கையெழுத்து ஆயுளுக்கும் போதுமானதாகிவிடுகிறது.

1953-ல் ராஜாஜி கொண்டுவந்த கல்வித் திட்டத்தில் பிள்ளைகள் பாதி நேரம் பள்ளியில் இருக்க வேண்டும், மீதி நேரம் பெற்றோரின் தொழிலைப் பழக வேண்டும். குலக்கல்வி என்று பெரியார் போர்க்கொடி தூக்கினார். 1954-ல் காமராசர் ஆட்சி அதைக் கைவிட்டது. பள்ளிக்கூடத்திலிருந்து நாம் விரட்டிய அந்தக் குலக்கல்வி, நகராட்சி அலுவலக மேசையில் கருணை என்ற பெயரில் உட்கார்ந்திருக்கிறது.

அடுத்த தலைமுறைக்கு அந்தக் கருணையும் இல்லை. நிரந்தரப் பணியிடம் இருந்தால்தானே வாரிசு வேலை? சென்னையில் ராயபுரம், திரு.வி.க. நகர் மண்டலங்களின் தூய்மைப் பணியைத் தனியாரிடம் கொடுத்ததை எதிர்த்து, 2025 ஆகஸ்டில் ரிப்பன் மாளிகை வாசலில் 13 நாட்கள் உட்கார்ந்தவர்களை நள்ளிரவில் அப்புறப்படுத்தினார்கள். அவர்களில் ஒருவர் பணியில் இறந்தால், அவர் பிள்ளை எந்த மேசைக்குப் போய் நிற்பது? அரசின் குப்பையை அள்ளுகிறார், ஆனால் அரசு ஊழியர் இல்லை. கழிவுநீர்க் குழியில் இறங்கிச் சாகும் ஒப்பந்தத் தொழிலாளியின் நிலையும் இதுதான். அப்படி இறப்பவரின் குடும்பத்துக்கு 30 இலட்சம் ரூபாய் இழப்பீடு, நெருங்கிய உறவினருக்கு வேலை, பிள்ளைகளுக்குக் கல்வி என்று 2023 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. அந்த வேலை இன்னொரு துடைப்பமாக இருந்துவிடக் கூடாது.

எனவே கருணை வேலையை ஒழியுங்கள் என்று கேட்பதில் எனக்கு உடன்பாடில்லை. என் அம்மாவின் அந்தச் சம்பளம் இல்லாவிட்டால் நான் இதை எழுதிக்கொண்டிருக்க மாட்டேன். நாம் கேட்க வேண்டியவை மூன்று. தூய்மைப் பணியாளரின் பிள்ளைக்குக் கல்வித் தகுதிக்கேற்ற பணியைத் தவிர வேறு எதையும் நீட்டக் கூடாது. அந்தப் பணியிடம் காலியாகும்வரை குடும்பத்துக்கு மாத உதவித்தொகை தர வேண்டும். ஒப்பந்தத் தொழிலாளி பணியில் இறந்தாலும் இதே உரிமை அவர் குடும்பத்துக்கு வேண்டும்.

அன்று அந்த மேசையில் இருந்தவர் கடைசிவரை ஒன்றைக் கேட்கவே இல்லை. நாளை அதே மேசைக்கு முன் இன்னொரு பிள்ளை நிற்கும்போது, அதைத்தான் முதலில் கேட்க வேண்டும்: "என்ன படிச்சிருக்கீங்க?"