கார் சாவியும் கைமாறிய அறிவும்

சாவியைத் திருப்பினால் கார் கிளம்பும் என்ற ஏற்பாட்டுக்கு இன்னும் நூறு வயது ஆகவில்லை. 1949-ல் அமெரிக்காவின் கிறைஸ்லர் நிறுவனம்தான் இக்னிஷன் சுவிட்சையும் ஸ்டார்ட்டரையும் ஒரே சாவிக்குள் கொண்டுவந்தது. அதுவரை சாவி மின்சாரத்தைத் திறந்துவிடும், அவ்வளவே. எஞ்சினைச் சுழற்றுவதற்குக் காலால் மிதிக்கும் கட்டையோ, அழுத்தும் பொத்தானோ, இழுக்கும் குமிழோ தனியாக இருந்தது. அதற்கும் முன்னால் எல்லாம் ஆள்பலம். காரின் முன்பக்கம் வளைந்த இரும்பு ஹேண்டிலை மாட்டித் தோள் நோகச் சுழற்ற வேண்டும். தீப்பொறி கொஞ்சம் முந்தி விழுந்தால் எஞ்சின் எதிர்த்திசையில் உதைக்கும். மணிக்கட்டு முறியும், தாடை பெயரும். கட்டைவிரலை ஹேண்டிலைச் சுற்றி மடக்காமல் மற்ற விரல்களோடு ஒரே பக்கம் வைத்துப் பிடிக்க வேண்டும் என்பது அந்தக் கால ஓட்டுநர் கற்ற முதல் பாடங்களில் ஒன்று.

அந்த ஹேண்டிலுக்கு விடைகொடுத்தவர் சார்லஸ் கெட்டரிங். ஓஹையோ மாநிலத்தின் டேட்டன் நகரில், கடைகளில் வைக்கும் பணப்பதிவு இயந்திரத்துக்கு மின்மோட்டார் அமைத்தவர் அவர். அந்த மோட்டார் நாள் முழுக்க ஓட வேண்டியதில்லை, சில விநாடி ஓடினால் போதும். சின்ன மோட்டாரிடம் அதன் அளவுக்கு மீறிய வேலையைக் கொஞ்ச நேரத்துக்கு வாங்கலாம் என்று அங்கே கண்டுகொண்டவர், அந்த யோசனையை அப்படியே எஞ்சினிடம் கொண்டுபோனார். 1912-ஆம் ஆண்டின் காடிலாக் கார்களில் அந்த ஸ்டார்ட்டர் மோட்டார் வந்தது. பேட்டரி, காயில், பாயிண்ட் மூன்றும் சேர்ந்த இக்னிஷன் முறையைக் கார்களில் நிலைநிறுத்தியவரும் அவர்தான். இன்று நம் பட்டறைகளில் ‘செல்ஃப் மோட்டார்’ என்று கழற்றி மேசையில் வைக்கப்படுவது அடிப்படையில் அதே பொருள்.

இதைச் செங்கல்பட்டிலிருந்து எழுதக் காரணம் இருக்கிறது. 2019 நவம்பரில் காஞ்சிபுரத்திலிருந்து பிரிந்து தனி மாவட்டமான இந்த நிலத்தில், ஜி.எஸ்.டி. சாலையை ஒட்டியே இந்தியக் கார் வரலாற்றின் நீண்ட பகுதி நடந்திருக்கிறது. பெருங்களத்தூர், வண்டலூர் பக்கம் ஸ்டாண்டர்டு மோட்டார் புராடக்ட்ஸ் 1961 முதல் ஹெரால்டு கார்களைச் செய்தது. 1985-ல் அது கொண்டுவந்த ஸ்டாண்டர்டு 2000, புது உடலுக்குள் பழைய எஞ்சினோடு வந்து விலைபோகவில்லை. அந்தப் பத்தாண்டு முடிவதற்குள் கார் உற்பத்தி ஓய்ந்தது. மறைமலைநகரில் 1999-ல் ஃபோர்டு ஐகான் வந்தது. மகிந்திரா வேர்ல்டு சிட்டியில் 2007-ல் பி.எம்.டபிள்யூ ஆலையும், 2012-ல் மகிந்திராவின் ஆராய்ச்சி மையமும் வந்தன. 2021 செப்டம்பரில் ஃபோர்டு இந்தியாவில் உற்பத்தியை நிறுத்தப்போவதாக அறிவித்தது. மறுவருடம் ஜூலையில் மறைமலைநகரின் கடைசி கார் வெளியே வந்தது.

இந்தக் காலம் முழுவதும் ஒரு காரியம் ஓசையின்றி நடந்துகொண்டிருந்தது. காரைக் கிளப்பும் அறிவு ஓட்டுநர் கையிலிருந்து பட்டறைக்கும், பட்டறையிலிருந்து கம்பெனியின் கணினிக்கும் இடம் மாறியது. முதல் மாற்றத்தில் நமக்குக் கிடைத்தது அதிகம். இரண்டாவதில் போனது என்ன என்று நாம் இன்னும் உட்கார்ந்து கணக்குப் பார்க்கவில்லை.

ஹெரால்டும் அம்பாசடரும் ஓடிய நாளில், டாக்ஸி ஓட்டுநர் எவருக்கும் பாயிண்ட் என்றால் என்னவென்று தெரியும். பேட்டரியின் 12 வோல்ட்டை அந்தச் சிறு தொடுமுனை திறந்து திறந்து மூட, காயில் அதை இருபதாயிரம் வோல்ட் வரை ஏற்றிப் பிளக்குக்கு அனுப்பும். தொடுமுனைகளின் இடைவெளி 0.4 மில்லிமீட்டர் அளவில் இருக்க வேண்டும். கரி பிடித்தால் எமரித் தாளால் தேய்த்து, ஃபீலர் கேஜ் வைத்துப் பார்த்துச் சாலையோரத்திலேயே சரிசெய்வார்கள். மழையில் நின்றுவிட்டால் டிஸ்ட்ரிபியூட்டர் மூடியைக் கழற்றித் துணியால் துடைத்து மாட்டுவார்கள். பேட்டரி படுத்துவிட்டால் டிக்கியில் ஹேண்டில் இருந்தது. அம்பாசடரின் முன் பம்பரில் அதற்கென்றே வழி விட்டிருந்தார்கள்.

இவையெல்லாம் பொற்காலத்தின் அடையாளங்கள் அல்ல. தினமும் பாயிண்ட் பார்க்க வேண்டிய கார் நல்ல கார் இல்லை. 1983 டிசம்பர் 14 அன்று முதல் மாருதி 800-ன் சாவியை இந்திரா காந்தி அதை வாங்கிய ஹர்பால் சிங்கிடம் கொடுத்தபோது, நடுத்தரக் குடும்பத்துக்குக் கிடைத்தது காலையில் நம்பிக் கிளப்பக்கூடிய ஒரு வண்டி. 1998-ல் இருங்காட்டுக்கோட்டையிலிருந்து சான்ட்ரோ வந்தது. கார்புரேட்டர் போய், எரிபொருளை அளந்து தெளிக்கும் எம்.பி.எஃப்.ஐ. வந்தது. சோக் இழுக்கத் தெரியாதவர்களும் கார் ஓட்டினார்கள். வயதானவர்களும், பட்டறையில் நின்று பேரம் பேச விரும்பாத பெண்களும் தனியாக நெடுஞ்சாலையில் போனார்கள். அது பெரிய விடுதலை.

ஆனாலும் கார் கிளம்பாத காலைகள் ஒழியவில்லை. மாமல்லபுரம் கரையில் அவை கொஞ்சம் அதிகம். கடற்கரைக் கோயிலின் கல்லில் ஏறும் உப்பைத் தொல்லியல் துறை காகிதக் கூழை அப்பி ஊறவைத்து உறிஞ்சி எடுக்கிறது. காற்றைத் தணிக்கச் சவுக்கு நட்டிருக்கிறது. பல்லவர் காலத்துக் கல்லையே அரிக்கும் காற்றுக்குக் காரின் செப்புக் கம்பி எம்மாத்திரம்? கோவளம் முதல் கல்பாக்கம் வரை கரையோரம் நிற்கும் கார்களில் பேட்டரி முனைகளில் வெள்ளையும் பச்சையுமாகப் பூத்திருக்கும். பாடியோடு சேரும் எர்த் வயரின் அடியில் துரு இருக்கும். பேட்டரி புதிதாக இருந்தாலும் செல்ஃப் எடுக்காது. முதலில் நெகட்டிவையும் பிறகு பாசிட்டிவையும் கழற்றி, சமையல் சோடா கலந்த வெந்நீரால் கழுவி, உலர்த்தி, இறுக்கி, மேலே கொஞ்சம் வாசலைன் தடவினால் போதும். மாட்டும்போது நெகட்டிவ் கடைசி. இது தெரியாமல் நல்ல பேட்டரியைத் தூக்கிப்போட்டுப் புதியது வாங்குகிறவர்கள் உண்டு.

சாவிக்குள் நடப்பதைத் தெரிந்துகொண்டால் பாதிக் குழப்பம் தீரும். முதல் நிலையில் ஸ்டியரிங் பூட்டியிருக்கும். அடுத்ததில் ரேடியோ போன்றவற்றுக்கு மின்சாரம் போகும். மூன்றாவதில் இக்னிஷன் உயிர்பெறும், டாஷ்போர்டு விளக்குகள் எரியும். பெட்ரோல் கார் பலவற்றில் எரிபொருள் பம்ப் ஓரிரு விநாடி முனகுவது இப்போதுதான். கடைசி நிலை ஸ்டார்ட். அங்கே சாவியிலிருந்து போகும் சிறு மின்னோட்டம் சோலினாய்டைத் தூண்டுகிறது. சோலினாய்டு மோட்டாரின் பற்சக்கரத்தை எஞ்சின் சக்கரத்தில் கோத்துவிட்டு, பேட்டரியின் முழு பலத்தையும் திறந்துவிடுகிறது. நூறு ஆம்பியருக்கு மேல் பாயும். கையை எடுத்ததும் ஸ்பிரிங் சாவியை மூன்றாம் நிலைக்குத் தள்ளிவிடும்.

சாவியே திரும்பவில்லை என்றால் பெரும்பாலும் ஸ்டியரிங் பூட்டு இறுகியிருக்கும். ஒரு கையால் ஸ்டியரிங்கை லேசாக அசைத்தபடி சாவியைத் திருப்பினால் விடும். பலம் காட்டினால் சாவிதான் முறியும். அப்படியும் திரும்பாவிட்டால் வீட்டில் இருக்கும் இரண்டாவது சாவியைப் போட்டுப் பார்க்கலாம். அது திரும்பினால் தேய்ந்தது முதல் சாவி. பூட்டுக்குள் எண்ணெய் விடக் கூடாது. கரையோர மணல் அதில் ஒட்டிக்கொள்ளும். கிராஃபைட் தூள்தான் சரி. திருப்பியதும் விளக்குகள் மங்கி ‘டக் டக்’ என்று அடுக்காகச் சத்தம் வந்தால் பேட்டரி அல்லது அதன் முனைகள். விளக்கு பளிச்சென்று இருக்க ஒரே ஒரு ‘டக்’ கேட்டால் சோலினாய்டையோ செல்ஃப் மோட்டாரின் கார்பன் பிரஷ்ஷையோ பார்க்க வேண்டும். சத்தமே இல்லாவிட்டால் ஃபியூஸ், ரிலே, சுவிட்ச். ஆட்டோமேட்டிக் கார் என்றால் கியர் பார்க்கிங்கில் இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். எஞ்சின் நன்றாகச் சுழன்றும் பற்றவில்லை என்றால் குற்றம் பேட்டரியில் இல்லை, எரிபொருளிலோ தீப்பொறியிலோ இருக்கிறது. விடாமல் சுழற்றிக்கொண்டிருந்தால் பேட்டரியும் போய்விடும். பத்து விநாடிக்கு மேல் பிடிக்காமல், அரை நிமிடம் விட்டு மறுபடி முயல்வதே முறை.

ஒரு நிலையில் மட்டும் சாவியைத் திருப்பவே கூடாது. 2015 டிசம்பரில் முடிச்சூரும் வரதராஜபுரமும் மூழ்கின. 2023-ல் மிக்ஜாம் புயலில் பள்ளிக்கரணை சுற்றுவட்டாரம் மூழ்கியது. எஞ்சினுக்குள் தண்ணீர் புகுந்த காரில் சாவியைத் திருப்பினால், பிஸ்டன் அழுத்தும் இடத்தில் காற்றுக்குப் பதில் நீர் இருக்கும். நீர் அமுங்காது, கனெக்டிங் ராடு வளையும். சும்மா விட்டிருந்தால் கழுவி உலர்த்தி மீட்டிருக்கக்கூடிய எஞ்சின் அந்த ஒரு திருப்பலில் போய்விடும். மழைக்காலத்துக்கு முன் இதை ஒவ்வொரு ஊராட்சியும் ஒலிபெருக்கியில் சொல்லலாம்.

சாவி எவ்வளவு பெரிய பொறுப்பைத் தாங்குகிறது என்பதற்கு 2014 சாட்சி. ஜெனரல் மோட்டார்ஸ் அந்த ஆண்டு சுமார் 26 லட்சம் கார்களைத் திரும்ப அழைத்தது. இக்னிஷன் சுவிட்சுக்குள் இருந்த ஸ்பிரிங்கின் பிடிமானம் போதவில்லை. கனத்த சாவிக்கொத்து தொங்கினாலோ வண்டி குலுங்கினாலோ ஓடும்போதே சாவி பின்னுக்கு நழுவியது. எஞ்சின் அணைந்தது, ஸ்டியரிங் கனத்தது, காற்றுப்பை விரியவில்லை. இழப்பீட்டு நிதியம் 124 மரணங்களை ஏற்றுக்கொண்டது. நிறுவனத்துக்குள் சிலருக்கு அது பல ஆண்டுகளாகத் தெரிந்திருந்தது. வேலும் ஓமும் வீட்டுச் சாவியுமாகக் கொத்தாகத் தொங்கவிடும் நம் வழக்கத்தையும் இந்த இடத்தில் யோசிக்க வேண்டும். பூட்டுக்குள் இருப்பவை மெல்லிய தகடுகள், அவையும் அந்தக் கனத்தில் தேயும்.

1990-களின் நடுவில் சாவியின் தலைக்குள் பேட்டரி இல்லாத ஒரு சில்லு வந்து உட்கார்ந்தது. பூட்டைச் சுற்றியுள்ள கம்பிச்சுருள் அதை எழுப்பிக் குறியீட்டைக் கேட்கும். பொருந்தவில்லை என்றால் எஞ்சின் பற்றாது, அல்லது பற்றிய மறுகணம் அணையும். இம்மொபிலைசர் என்ற இந்தக் காவல் கார் திருட்டை உண்மையாகவே குறைத்தது. அதை யாரும் குறைசொல்ல வேண்டியதில்லை. ஆனால் பேருந்து நிலையத்தின் எதிரே சாவி வெட்டுகிறவர் எத்தனை நேர்த்தியாக இரும்பை வெட்டினாலும், அந்தச் சாவி இன்று கதவைத்தான் திறக்கும். காரைக் கிளப்பும் அதிகாரம் குறியீட்டை வைத்திருப்பவரிடம் போய்விட்டது.

இந்திய போட்டி ஆணையம் இதைத் தொட்டது. 2014 ஆகஸ்ட் 25 அன்று மாருதி, டாடா, மகிந்திரா, ஃபோர்டு, பி.எம்.டபிள்யூ உள்ளிட்ட 14 நிறுவனங்களுக்கு மொத்தம் 2,544.65 கோடி ரூபாய் அபராதம் விதித்தது. உதிரிபாகங்களையும் பழுதறியும் கருவிகளையும் வெளிப்பட்டறைகளுக்குக் கிடைக்கவிடாமல் செய்தது குற்றம், அவற்றைக் கிடைக்கச் செய்ய வேண்டும் என்றது. அபராதம் மேல்முறையீடுகளில் சிக்கியது. 2022 டிசம்பரில் ஒன்றிய அரசு ‘பழுதுபார்க்கும் உரிமை’க்கென ஓர் இணையதளம் திறந்தது. கார்களும் அதில் அடக்கம். ஆனால் தகவல் வெளியிடுவதைக் கட்டாயமாக்கும் சட்டம் அதன் பின்னால் இல்லை.

மறைமலைநகர் இதன் அவசரத்தைக் காட்டிக்கொடுத்தது. ஆலை மூடியபோது சர்வீஸ் தொடரும் என்று ஃபோர்டு உறுதி சொன்னது, தொடர்கிறது. 2024-ல் ஏற்றுமதிக்காகத் திரும்பிவரும் விருப்பக் கடிதத்தையும் தமிழ்நாடு அரசிடம் கொடுத்தது. ஸ்டாண்டர்டு அப்படித் திரும்பவில்லை. ஆனால் ஹெரால்டு வைத்திருந்தவருக்கு யாருடைய அனுமதியும் தேவைப்படவில்லை. பாயிண்டும் கண்டன்சரும் தெரிந்த எந்த எலக்ட்ரீஷியனும் போதும். இன்றைய கார் அப்படியில்லை. ஒரு நிறுவனம் ஒருநாள் முழுதாக வெளியேறினால், அதன் சாவிகளை எழுதித்தர இங்கே யார் இருப்பார்கள்?

குறியீட்டைத் திறந்துவிட்டால் திருடருக்கும் வசதி என்பது நிறுவனங்களின் வாதம். அதில் நியாயம் இல்லாமல் இல்லை. அமெரிக்காவில் பின்னணி சரிபார்த்துப் பதிவுசெய்த பூட்டுத் தொழிலாளர்களுக்கு மட்டும், உரிமையாளரின் அடையாளம் பார்த்த பிறகு, சாவிக் குறியீடு தரும் முறை நடைமுறையில் இருக்கிறது. தமிழ்நாடு அதை இந்த மாவட்டத்திலேயே தொடங்கலாம். ஐ.டி.ஐ. மோட்டார் வாகனப் பிரிவில் இம்மொபிலைசர் பாடத்தைச் சேர்த்து, சாலையோர எலக்ட்ரீஷியன்களுக்கு மாலை வகுப்பு வைத்து, தேறியவர்களைக் காவல்துறை சரிபார்ப்போடு பதிவுசெய்யலாம். சலுகையும் நிலமும் பெற்று இங்கே ஆலை வைக்கும் நிறுவனங்களிடம், பழுதறியும் தகவலை நியாயமான கட்டணத்தில் தர வேண்டும் என்று ஒப்பந்தத்திலேயே எழுதி வாங்கலாம்.

அதுவரை பழைய கார் வாங்குகிறவர்கள் ஆர்.சி.யோடு இரண்டு சாவியையும், குறியீட்டு எண் பொறித்த சிறு தகடோ அட்டையோ இருந்தால் அதையும் கேட்டு வாங்க வேண்டும். ஒரே சாவிதான் என்றால் அது கையில் இருக்கும்போதே இன்னொன்றைப் பதிந்துகொள்வது நல்லது. இருக்கிற சாவியை வைத்து இன்னொன்றைச் சேர்ப்பது பெரும்பாலும் சிறு வேலை. ஒன்றும் இல்லாமல் போனால் பூட்டையும் சில கார்களில் கணினிப் பெட்டியையும்கூட மாற்ற வேண்டிவரலாம்.