பெயருக்குத் தடை! பேனாவுக்குக் கூலி!

1957, மார்ச்சுத் திங்கள். ஆஸ்கர் பரிசு வழங்கும் விழா. சிறந்த மூலக்கதைக்கான பரிசு, 'தி பிரேவ் ஒன்' படத்துக்குக் கதை தந்த இராபர்ட் ரிச்சுக்கு என்று அறிவிக்கிறார்கள். அரங்கம் கைதட்டுகிறது. வந்தாரா ரிச்? வரவில்லை. அவர் சார்பில் வேறொருவர் மேடையேறிப் பெற்றுக்கொண்டார். எப்படி வருவார் ரிச்? அந்தப் பெயரில் எழுத்தாளரே இல்லையே! அது படமெடுத்த முதலாளிகளின் உறவினர் ஒருவரின் பெயர். எழுதிய கை, டால்டன் டிரம்போவின் கை.

பெயரில்லா விடைத்தாளுக்கு மதிப்பெண் தர மறுப்பவர்கள் ஆசிரியர்களாகிய நாம். ஹாலிவுட்டோ பொய்ப்பெயர்த் தாளுக்கு முதற்பரிசே தந்தது!

யார் இந்த டிரம்போ? 1905-இல் கொலராடோ மாநிலத்தில் பிறந்தவர். லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில் ரொட்டி சுடும் தொழிற்சாலையில் ஏறத்தாழ எட்டாண்டுக் காலம் இரவெல்லாம் உழைத்து, எஞ்சிய நேரத்தில் எழுதி எழுதிப் பழகியவர். 1939-இல் அவர் வெளியிட்ட புதினம் 'ஜானி காட் ஹிஸ் கன்'. முதல் உலகப் போரிலே கையிழந்து, காலிழந்து, கண்ணும் காதும் வாயும் இழந்து, சதைப் பிண்டமாய்க் கிடக்கும் ஓர் இளைஞன், தலையைத் தலையணையில் மோதித் தந்திக் குறிகளால் உலகோடு பேச முயலும் கதை. போருக்குப் பரணி பாடுவோர் ஒருமுறை படிக்கட்டும். பிறகு பாடட்டும், பாட முடிந்தால்!

1943-இல் அவர் பொதுவுடைமைக் கட்சியில் சேர்ந்தார். அமெரிக்கச் சட்டப்படி அது குற்றமன்று. எனினும் 1947-இல், நாட்டுக்கு மாறான செயல்களை ஆராய்வதாகச் சொன்ன நாடாளுமன்றக் குழு அவரைக் கூண்டிலேற்றிக் கேட்டது: நீர் அந்தக் கட்சியினரா? என் கொள்கையைக் கேட்க நீர் யார் என்பதே அவர் நிலை. விடை தர மறுத்தோர் பதின்மர். பதின்மருக்கும் சிறை. டிரம்போவுக்கு ஓராண்டுத் தண்டனை. 1950-இல் உள்ளே போனார். அவரை விசாரித்த குழுத் தலைவர் பார்னெல் தாமஸ் என்ன ஆனார் தெரியுமா? அரசுப் பணத்தில் மோசடி செய்து, அவரும் கம்பி எண்ணினார்! நாட்டுப்பற்றை நிறுத்துப் பார்த்த தராசின் இலட்சணம் அது.

அரசு செய்தது கொடுமை. பட முதலாளிகள் செய்ததோ கொடுமையோடு கூடிய வாணிகம். 1947 நவம்பரில் நியூயார்க் விடுதியொன்றில் கூடி, இப்பதின்மருக்கு வேலையில்லை என்று அறிக்கை விட்டனர். அப்படியானால் அவர் எழுத்து நச்சு என்றல்லவா பொருள்? நச்சை வாங்கலாமா? வாங்கினார்கள், தோழர்களே! கொல்லைப்புற வழியாக வாங்கினார்கள். ஒரு திரைக்கதைக்கு 75,000 டாலர் பெற்றவர், 'கன் கிரேசி' படத்துக்கு 3,750 டாலருக்கு எழுதினார். இருபதில் ஒரு பங்கு! எழுத்து அதே எழுத்து; உழைப்பு அதே உழைப்பு. குறைந்தது எது? பேரம் பேசும் வலிமை. பெயரைப் பறித்தால் கூலியையும் பறிக்கலாம் என்பதை எந்த ஆலை முதலாளியும் இவர்களிடம் பாடங்கேட்கலாம்.

1953-இல் வந்த 'ரோமன் ஹாலிடே' கதைக்கும் ஆஸ்கர். அதையும் நண்பர் அயன் மெக்லெல்லன் ஹன்ட்டரின் பெயரில்தான் கொடுத்தனர். 1957 பிப்ரவரியில், குழுவுக்கு விடை தராதவர்க்குப் பரிசில்லை என்று விதியெழுதியது அகாதெமி. அடுத்த மாதமே அவருக்குப் பரிசு! பட்டை நாமம் எவர் நெற்றியில் விழுந்தது? 1959-இல் அந்த விதியைத் தாமே கிழித்தெறிந்தனர். 1960-இல் 'ஸ்பார்டகஸ்', 'எக்சோடஸ்' படங்களில் அவர் பெயர் வெளிப்படையாகத் திரையேறியது. 'பிரேவ் ஒன்' பரிசு அவர் கைக்கு வந்தது 1975-இல்; மறு ஆண்டு மறைந்தார். 'ரோமன் ஹாலிடே' பரிசு 1993-இல் அவர் மனைவியிடம் சேர்ந்தது. அப்படத்தின் திரைக்கதை அவருடையது என்று எழுத்தாளர் சங்கம் ஒப்பியதோ 2011-இல்!

டிரம்போவைக் கடவுளாக்கிப் படையலிட நாம் எழுதவில்லை. 1970-இல் எழுத்தாளர் சங்க விருது பெற்ற மேடையில், அந்த இருண்ட காலத்தில் வில்லனுமில்லை, வீரனுமில்லை, பலியானோர் மட்டுமே உண்டு என்ற பொருளில் பேசினார். பெருந்தன்மைதான். ஆனால் சிறைக்குப் போனவனும், நண்பன் பெயரைக் காட்டிக்கொடுத்து வேலையைக் காத்துக்கொண்டவனும் ஒரே வரிசையா? மலிவு விலைக்குக் கதை வாங்கியவன் எவ்வகையில் பலியானான்? பதின்மரில் ஒருவரான ஆல்பர்ட் மால்ட்ஸ் இக்கேள்வியை எழுப்பித் தம் பழைய தோழரோடு மோதினார். நாம் மால்ட்ஸின் பக்கம்.