பூட்டு பன்னிரண்டு வாரம் போதும்

காசு கொடுத்து வாங்கியவன் காத்திருக்கிறான். பென் டிரைவில் திருட்டுப் பிரதி வாங்கியவன் விளையாடுகிறான். கேமரன் மலைத் தோட்டத்தில் வளர்ந்த எனக்கு இது பழகிய காட்சி. மழை கொட்டினால் எங்கள் பக்கம் லைன் போய்விடும். 'டெனுவோ' பூட்டு போட்ட கணினி விளையாட்டை முதன்முறை திறக்கும்போது இணையம்வழி அனுமதி பெற வேண்டும். கணினியின் முக்கிய பாகத்தை மாற்றினால் மறுபடியும் பெற வேண்டும். பூட்டு உடைக்கப்பட்ட பிரதிக்கு இந்தத் தொல்லை இல்லை.

அதற்காகத் திருட்டை நான் ஆதரிக்கவில்லை. 'ஏழை மாணவன், வேறு என்ன செய்வேன்' என்ற வாதமும் எனக்குப் பிடிக்காது. 2020இல் 'நோ ஸ்ட்ரெய்ட் ரோட்ஸ்' விளையாட்டை வெளியிட்ட 'மெட்ரோனோமிக்' நம் நாட்டு நிறுவனம்தான். அப்படிப்பட்டவர்கள் விற்பனையை நம்பித்தானே பிழைக்கிறார்கள்?

திருட்டைத் தடுக்க நம் நாட்டிலும் படாதபாடு பட்டார்கள். 2007இல் லக்கி, ஃப்லோ என்ற இரண்டு மோப்ப நாய்களைக் கொண்டுவந்து திருட்டு வட்டுகளைத் தேடினார்கள். இன்று வட்டே இல்லை. நாய் எதை மோப்பம் பிடிக்கும்? அந்த வேலையைத்தான் ஆஸ்திரியாவில் உருவான டெனுவோ 2014 முதல் செய்கிறது. 2016 தொடக்கத்தில் சீனாவின் '3டிஎம்' குழுவே, இப்படியே போனால் இரண்டு ஆண்டுகளில் திருட்டு விளையாட்டே இருக்காது என்று புலம்பியது. அதே ஆண்டில் வேறொரு குழு பூட்டை உடைத்துவிட்டது.

அப்படியானால் பூட்டால் பயனே இல்லையா? உண்டு. 2024இல் வெளிவந்த வில்லியம் வோக்மனின் ஆய்வு, முதல் வாரத்திலேயே பூட்டு உடைந்தால் வருமானத்தில் ஏறக்குறைய 20 விழுக்காடு போய்விடும் என்கிறது. ஆனால் 12 வாரங்களுக்குப் பிறகு உடைந்தால் நட்டம் அநேகமாக இல்லை. அதாவது, மூன்று மாதத்துக்குப் பிறகு அந்தப் பூட்டு திருடனைத் தடுப்பதில்லை, வாங்கியவனைத்தான் தடுக்கிறது. 2021 நவம்பரில் டெனுவோவின் இணைய முகவரி செயலிழந்தபோது, காசு கொடுத்தவர்கள்தாம் வெளியே நின்றார்கள்.

பன்னிரண்டு வாரம் முடிந்ததும் பூட்டைக் கழற்றுங்கள் என்பதே என் கோரிக்கை. முடியாத காரியமல்ல. 2016 மே மாதம் வெளிவந்த 'டூம்' விளையாட்டிலிருந்து அந்த ஆண்டு டிசம்பரிலேயே டெனுவோவை நீக்கினார்கள்.

நம் 1987 பதிப்புரிமைச் சட்டம் பூட்டை உடைப்பவரைத் தண்டிக்கிறது. வேலை முடிந்த பூட்டைத் தொங்கவிடும் நிறுவனத்தை யார் கேட்பது? வாங்கும் நாம்தான் கேட்க வேண்டும். டெனுவோ உள்ள விளையாட்டுகளின் 'ஸ்டீம்' கடைப் பக்கத்தில் அது குறிக்கப்பட்டிருக்கும். அந்தக் குறிப்பு நீங்கும்வரை நான் வாங்குவதில்லை. அதற்குள் பெரும்பாலும் விலையும் இறங்கிவிடுகிறது.