ஓவன் இல்லாமல் ஒரு ஹங்கேரிப் பலகாரம்

ஹங்கேரிப் பலகாரமா, அதுவும் ஐயம்பேட்டையிலா என்று கேட்காதீர்கள். கேக் வகையறாக்களிலே நம் அடுப்புக்குத் தோதானது எது என்றால் நான் இதைத்தான் சொல்வேன். மணல் போட்டுச் சுடும்போது கேக்கின் அடி நன்றாகச் சிவந்துவிடும். மேல்புறம் மட்டும் வெளிறிப் போய், களையே இல்லாமல் நிற்கும். இதிலோ சுட்டு ஆறியதும் கவிழ்த்துப் போட்டு, சிவந்த பக்கத்தின் மேல் சாக்லேட் பூசிவிடுகிறோம். வெளிறின பக்கம் கீழே ஒளிந்துகொள்ளும்!

பெயர் ஜெர்போ. எமில் ஜெர்போ என்ற ஸ்விட்சர்லாந்துக்காரர் 1884-ல் புடாபெஸ்ட் நகருக்குப் போய், ஹென்ரிக் குக்லர் என்பவரின் மிட்டாய்க் கடையில் சேர்ந்தார். பிறகு கடையே அவர் பெயரில் பிரபலமாகிவிட்டது. பலகாரமும் அந்தப் பெயரையே தாங்கி நிற்கிறது. மூன்று மெல்லிய மாவு அடுக்குகள். நடுவில் ஆப்ரிகாட் ஜாமும், சர்க்கரையோடு பொடித்த அக்ரூட்டும். அங்கே கிறிஸ்துமஸ் வந்தால் வீட்டுக்கு வீடு இதைச் செய்கிறார்கள். நம் சோமாசிப் பூரணம் கிளறத் தெரிந்தவளுக்கு இது ஒன்றும் பிரம்ம வித்தை இல்லை.

அக்ரூட் வாங்குவதில்தான் சூட்சுமம். கடைக்காரர் வால்நட் என்பார், இரண்டும் ஒன்றுதான். விலையோ கொஞ்ச நஞ்சமில்லை. 100 கிராம் வாங்கி, அதில் பாதி காறிப்போயிருந்தால் மனசு எப்படி இருக்கும்? இந்தப் பருப்பில் இருக்கும் எண்ணெயில் உடம்புக்கு நல்ல ஒமேகா-3 கொழுப்பும் உண்டு. ஆனால் அதே எண்ணெய்தான் காற்றும் வெப்பமும் பட்டால் சீக்கிரம் காறிவிடும். நம் ஊர் வெயிலில் கண்ணாடி ஜாடியில் மாசக்கணக்கில் நிற்கும் பருப்பை நம்பாதீர்கள். காஷ்மீரில் செப்டம்பர் வாக்கில் அறுவடை. ஆகவே ஐப்பசிக்கு மேல் வாங்குவது உத்தமம். ஓட்டோடு கிடைத்தால் இன்னும் நல்லது. உடைத்த பருப்பானால் ஒன்றை வாயில் போட்டு மெல்லுங்கள். தோலின் லேசான துவர்ப்பு இருக்கலாம். பழைய எண்ணெய் வாடை அடித்தால் வேண்டவே வேண்டாம். ஒரே ஒரு காறல் பருப்பு அரைபட்டால் தட்டு முழுவதும் கெட்டது. வீட்டுக்கு வந்ததும் காற்றுப் புகாத டப்பாவில் போட்டு ஃபிரிஜ்ஜில் வையுங்கள்.

தேவையான சாமான்கள்: மைதா 200 கிராம், வெண்ணெய் 100 கிராம், பொடித்த சர்க்கரை 2 மேஜைக்கரண்டி, இன்ஸ்டன்ட் ஈஸ்ட் 1 தேக்கரண்டி, வெதுவெதுப்பான பால் 60 மில்லி, கெட்டித் தயிர் 1 மேஜைக்கரண்டி, உப்பு ஒரு சிட்டிகை. பூரணத்துக்கு அக்ரூட் 100 கிராம், சர்க்கரை 100 கிராம், ஜாம் 150 கிராம். மேலே பூச சாக்லேட் 75 கிராம், வெண்ணெய் 1 தேக்கரண்டி. 8 அங்குல வட்டத் தட்டு ஒன்று போதும். அங்கே மாவில் மஞ்சள் கருவும் சேர்ப்பார்கள். தயிரே அந்த வேலையைச் செய்துவிடும். வெண்ணெய்க்குப் பதில் வனஸ்பதி போடலாமா என்று யாராவது கேட்பீர்கள். வேண்டாம். டிரான்ஸ் கொழுப்பு 2 சதவீதத்துக்கு மேல் இருக்கக் கூடாது என்று 2022 முதல் சட்டமே இருக்கிறது, சரிதான். ஆனால் வெண்ணெயின் மணம் அதற்கு ஏது?

ஆப்ரிகாட் ஜாம் காஞ்சிபுரம் கடைகளில் அகப்படாவிட்டால், உலர்ந்த ஆப்ரிகாட்டை ஊறவைத்து, சர்க்கரையும் எலுமிச்சைச் சாறும் விட்டுக் கிளறிக்கொள்ளுங்கள். அன்னாசி ஜாமில் எலுமிச்சை பிழிந்தாலும் சரி. புளிப்பு இல்லையென்றால் பலகாரம் திகட்டும்.

எங்கள் ஊர்ப் பெண்களுக்கு ஒரு வார்த்தை. வெண்ணெய்ப் பசை ஒட்டின கையோடு பட்டுப் பாவைத் தொட முடியுமா? அமாவாசையன்று தறி ஓய்ந்திருக்கும். படையல் முடிந்த பிற்பகலில் இதை வைத்துக்கொள்ளுங்கள். முட்டை இல்லாததால் மாமியாரும் ஒன்றும் சொல்லமாட்டார்.

மைதாவில் உப்பு, சர்க்கரை, ஈஸ்ட் கலந்து, குளிர்ந்த வெண்ணெயை விரல் நுனியால் பிசிறுங்கள். பிட்டு மாவு மாதிரி ஆனதும் தயிரும் பாலும் விட்டுச் சேர்த்துப் பிடியுங்கள். சப்பாத்தி மாவு போல அடித்துப் பிசையாதீர்கள், கல்லாகிவிடும். மூன்றாகப் பிரித்து மெல்லிய வட்டங்களாக இடுங்கள். அக்ரூட்டைச் சர்க்கரையோடு சேர்த்து மிக்ஸியில் விட்டு விட்டுச் சுற்றவேண்டும். ஒரேயடியாக ஓட்டினால் எண்ணெய் கக்கிக் களியாகிவிடும். வெண்ணெய் தடவிய தட்டில் ஒரு வட்டம், அதன் மேல் பாதி ஜாம், பாதிப் பொடி. மறுபடி வட்டம், மீதி ஜாம், மீதிப் பொடி. கடைசி வட்டத்தால் மூடி, முள்கரண்டியால் நிறையக் குத்துங்கள். ஜாம் ஓரம்வரை போகக்கூடாது, வழிந்து கருகும். அரைமணி நேரம் அப்படியே இருக்கட்டும்.

அடி கனமான பாத்திரத்தில் 2 அங்குல உயரம் உலர்ந்த மணல் பரப்பி, மூடி, 15 நிமிஷம் காயவிடுங்கள். பிரஷர் குக்கரை இதற்கு எடுக்காதீர்கள். தண்ணீரில்லாமல் காய்வது அதற்கு ஆகாது. மணல் மேல் வளையம் வைத்து, தட்டை ஏற்றி, மூடி, சிறு தீயில் 45 முதல் 50 நிமிஷம். ஓரம் தட்டை விட்டுப் பிரிந்து வாசனை வந்தால் ஆயிற்று. ஓவன் உள்ளவர்கள் 180 டிகிரியில் 35 நிமிஷம் வைக்கலாம். முழுக்க ஆறினபின் கவிழ்த்து, வெந்நீர் மேல் வைத்து உருக்கிய சாக்லேட்டையும் வெண்ணெயையும் பூசுங்கள்.

அன்றைக்கே வெட்டாதீர்கள். ஒரு ராத்திரி போனால்தான் ஜாமின் ஈரம் மாவில் ஊறி, துண்டு உதிராமல் வரும். மூங்கில் குடலையில் மணிக்கணக்காக வேகும் கோயில் இட்லிக்குக் காத்திருக்கும் சீமை இது. இந்த ஒரு ராத்திரிக்கு என்ன!

இளம் தாய்மார்கள் கவனிக்கவேண்டும். ஐந்து வயதுக்குட்பட்ட குழந்தை கையில் முழு அக்ரூட்டையோ, உடைத்த துண்டையோ கொடுக்காதீர்கள், தொண்டையில் அடைக்கும். இதில் பொடியாக இருப்பதால் அந்தப் பயம் குறைவு, நைசாக அரைபட்டதா என்று மட்டும் பாருங்கள். முதல் தடவை தரும்போது நகத்தளவு கொடுத்துப் பாருங்கள். வேர்க்கடலை ஒத்துக்கொண்ட குழந்தைக்கு அக்ரூட்டும் ஒத்துக்கொள்ளும் என்று நிச்சயமில்லை. உடம்பில் தடிப்பு, உதடு வீக்கம், வாந்தி, மூச்சு இளைப்பு எது வந்தாலும் கைவைத்தியம் பார்த்துக்கொண்டிராமல் உடனே ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடுங்கள். இரண்டு வயது நிரம்பாத குழந்தைக்குச் சர்க்கரைப் பண்டமே வேண்டாம்.

சூடான கத்தியால் விரல் அகலத் துண்டுகளாக நறுக்கி டப்பாவில் அடுக்கினால், ஃபிரிஜ்ஜில் ஒரு வாரம் தாங்கும். சீராக்குவதற்காக வெட்டி எடுக்கும் ஓரத் துணுக்குகள் டப்பாவரைக்கும் வராது. அவற்றுக்குப் பக்கத்திலேயே ஆள் நிற்கும்.