செய்வினைக்கு அல்ல, அதன் பெயரால் நடக்கும் கொடுமைக்கே சட்டம் வேண்டும்

மாண்புமிகு தமிழ்நாடு முதலமைச்சர் அவர்களுக்கு,

மயிலாப்பூரில் வசிக்கும் ஒரு குடிமகள் எழுதுகிறேன். செய்வினை எடுப்பதாகச் சொல்லிப் பணம் பறிப்பவர்களையும், சூனியம் வைத்தவர் என்று அடுத்தவர் மேல் பழி போடுபவர்களையும் தண்டிக்கத் தமிழ்நாட்டில் தனிச் சட்டம் இல்லை. அதைக் கொண்டுவர வேண்டும் என்பதே என் கோரிக்கை. அந்தச் சட்டம் எப்படி இருக்கக் கூடாது என்பதையும் சேர்த்தே சொல்கிறேன்.

மாம்பலத்தில் மின்சார ரயில் ஏறுகிறவர்கள் பெட்டிச் சுவரில் ஒட்டியிருக்கும் அந்தச் சின்னத் தாள்களைப் பார்த்திருப்பார்கள். வசியம், பில்லி, சூனியம், ஏவல், பிரிந்தவர் சேர என்று வரிசையாக இருக்கும். கீழே ஒரு கைபேசி எண். மகனுக்கு வலிப்பு வந்து வைத்தியச் செலவுக்குப் பணம் புரட்ட முடியாத தாய் அந்த எண்ணை அழைக்கிறாள். வியாபாரம் படுத்துவிட்ட கடைக்காரர் அழைக்கிறார். தி.நகரிலும் அடையாறிலும் நன்றாகப் படித்து, நல்ல வேலையில் இருப்பவர்களும் அழைக்கிறார்கள். அங்கே மை போட்டுப் பார்ப்பார்கள், முட்டை உடைத்துப் பார்ப்பார்கள். "உங்க சொந்தத்துலேயே ஒருத்தங்க வச்சிருக்காங்க" என்பார்கள். பெயர் சொல்ல மாட்டார்கள். சொல்லவும் தேவையில்லை. வீடு திரும்புவதற்குள் சந்தேகம் புருஷனை இழந்த சித்தி மேலோ, புதிதாக வந்த மருமகள் மேலோ போய் விழுந்திருக்கும். அடுத்த அமாவாசைக்கு வந்து வாசலில் தோண்டித் தகடு எடுப்பார்கள். அதைப் புதைத்தது யார் என்று ஒருவரும் கேட்பதில்லை. நோய்க்குக் காரணம் சொல்பவரும், அதற்குச் சாட்சி காட்டுபவரும், கழிப்புக் கழித்துக் காசு வாங்குபவரும் ஒரே ஆள்தான்.

தடயம் விடாது என்று சொல்லப்படுவதுதான் செய்வினையின் முழு பலமும். திருட்டுப் பழி வந்தால், அன்று நான் ஊரிலேயே இல்லை என்று சொல்லித் தப்பலாம். சூனியம் வைக்க ஊரில் இருக்க வேண்டியதில்லை, பொருளைத் தொட வேண்டியதில்லை, வாய் திறக்கவும் வேண்டியதில்லை. அந்தப் பழியைச் சுமக்கும் பெண் எதைக் காட்டித் தன்னைக் காப்பாற்றிக்கொள்வாள்?

அதனால்தான், மாந்திரீகம் செய்வதையே குற்றம் என்று எழுதிவிடக் கூடாது. பப்புவா நியூ கினியில் 1971இல் அப்படி ஒரு சூனியச் சட்டம் வந்தது. சூனியம் உண்மை என்று சட்டமே ஒப்புக்கொண்டதால், சூனியக்காரர் என்று நம்பித்தான் கொன்றேன் என வாதாடித் தண்டனையைக் குறைத்துக்கொள்ள வழி கிடைத்தது. 2013 பிப்ரவரியில் ஓர் இளம்பெண் ஊரார் கண்ணெதிரே உயிரோடு எரிக்கப்பட்ட பிறகுதான் அந்தச் சட்டத்தை நீக்கினார்கள். இங்கிலாந்து 1735லேயே இதைப் புரிந்துகொண்டு, மந்திரம் செய்ததற்காக வழக்குப் போடுவதை நிறுத்திவிட்டு, மந்திர சக்தி இருப்பதாக நடிப்பதைக் குற்றமாக்கியது.

மந்திரம் உண்மையா பொய்யா என்று காவல் ஆய்வாளர் விசாரிக்கக் கிளம்பினால் என்ன ஆகும் என்பதற்கு அடையாறிலேயே உதாரணம் இருக்கிறது. பிரம்மஞான சபையின் தலைமையகத்தில் ஓர் அலமாரி இருந்தது. சபையினர் குருமார்களாகக் கருதிய மகாத்மாக்களின் கடிதங்கள் அதில் தாமாகத் தோன்றுவதாக நம்பினார்கள். அங்கே வேலை பார்த்த கூலோம் தம்பதியர், எல்லாம் சபையை நிறுவியவர்களில் ஒருவரான பிளாவட்ஸ்கி அம்மையாருக்காகத் தாங்கள் செய்த ஏற்பாடு என்றார்கள். 1884 செப்டம்பரில் சென்னைக் கிறித்துவக் கல்லூரி இதழ், அம்மையார் எழுதியவை என்று கூலோம் தம்பதியர் கொடுத்த கடிதங்களை வெளியிட்டது. லண்டனிலிருந்து ரிச்சர்ட் ஹாட்ஜ்சன் என்ற ஆய்வாளர் வந்து மாதக்கணக்கில் விசாரித்து, மோசடி என்று அறிக்கை எழுதினார். நூறு ஆண்டு கழித்து, 1986இல், அந்த அறிக்கையே சரியில்லை என்று இன்னோர் ஆய்வாளர் எழுதினார். இந்த வழக்கை எந்தக் காவல் நிலையம் முடித்துவைக்கும்?

ஆனால் வாங்கிய பணத்துக்கும், அடித்த அடிக்கும், போட்ட சங்கிலிக்கும் சாட்சி உண்டு. மகாராஷ்டிரம் அந்த வழியில்தான் போனது. மூடநம்பிக்கை ஒழிப்பு இயக்கம் நடத்திய நரேந்திர தாபோல்கர் பல ஆண்டுகள் போராடியும் வராத சட்டம், 2013 ஆகஸ்ட் 20இல் அவர் சுட்டுக் கொல்லப்பட்ட சில நாட்களில் அவசரச் சட்டமாக வந்தது. பேய் ஓட்டுவதாக அடிப்பதும் கட்டிவைப்பதும், ஒருவரைச் சூனியக்காரர் என்று சொல்லி வாழவிடாமல் செய்வதும், பாம்புக்கடி பட்டவரை மருத்துவமனைக்குப் போகவிடாமல் மந்திரிப்பதும் அங்கே குற்றம். 6 மாதம் முதல் 7 ஆண்டு வரை சிறை. கர்நாடகம் 2017இலும் குஜராத் 2024இலும் சட்டம் இயற்றிவிட்டன. பெரியார் பிறந்த மண்ணில் நாம் இன்னும் காத்திருக்கிறோம்.

பக்திக்கு ஆபத்து என்று சிலர் சொல்வார்கள். வழிபாடு, யாத்திரை, பஜனை ஆகியவற்றுக்கு மகாராஷ்டிரச் சட்டம் தெளிவாக விலக்குத் தந்திருக்கிறது. கபாலீசுவரர் கோயில் அறுபத்து மூவருக்கோ, சாந்தோம் தேவாலய ஜெபத்துக்கோ, கடை வாசலில் உடைக்கும் திருஷ்டிப் பூசணிக்காய்க்கோ இதனால் எந்தக் குறையும் வராது. மாய மருந்து விளம்பரங்களைத் தடுக்கும் 1954ஆம் ஆண்டு மத்தியச் சட்டம் தாயத்தையும் மந்திரத்தையும் பெயர் சொல்லியே குறிப்பிடுகிறது. ஆனால் அது விளம்பரத்தைத்தான் தடுக்கும். பழி சுமத்துவதையும் அடிப்பதையும் அது தொடாது.

தர்காவை நாடி மனநோயாளிகளைக் கொண்டுவரும் ஏர்வாடியை மட்டும் நினைத்துப் பாருங்கள். 2001 ஆகஸ்ட் 6 விடியற்காலையில் கீற்றுக் கொட்டகை தீப்பிடித்தபோது, மனநோயாளிகள் 28 பேர் சங்கிலியை அறுத்துக்கொண்டு ஓட முடியாமல் கருகினார்கள். பேய் பிடித்திருக்கிறது, செய்வினை இருக்கிறது என்று நம்பித்தான் பல குடும்பங்கள் தங்கள் பிள்ளைகளை அங்கே கொண்டுபோய் விட்டிருந்தன. சங்கிலியால் கட்டுவதை 2017ஆம் ஆண்டு மனநலச் சட்டம் தடைசெய்துவிட்டது. அந்தச் சங்கிலிக்கு முன்னால் நடக்கும் குறியையும் கழிப்பையும் தடுக்க மாநிலச் சட்டம்தான் வேண்டும்.

வரும் கூட்டத்தொடரிலேயே மசோதாவைக் கொண்டுவாருங்கள். பழிக்கு ஆளான பெண் தானே போய்ப் புகார் கொடுக்கும்படி, மாவட்டந்தோறும் ஓர் அதிகாரியை அதில் நியமியுங்கள். ரயில் பெட்டிகளில் அந்தத் தாள்கள் இருக்கும் இடத்தில், 14416 என்ற மனநல உதவி எண்ணை ஒட்ட ரயில்வேயிடம் கேளுங்கள். இரவில் பயந்துபோய் ஏதாவது ஓர் எண்ணை அழைக்கத் தேடும் அம்மாவுக்கு அது முதலில் கண்ணில் படட்டும்.

இப்படிக்கு,
மயிலாப்பூர்வாசி ஒருத்தி